லிட்டர் சரி, முதுகு எங்கே?

ஆசிரியருக்கு வணக்கம்.

மலையேற்றத்துக்கு என்னென்ன வாங்க வேண்டும் என்று போன வாரம் நீங்கள் போட்ட பட்டியலைப் படித்தேன். முதுகுப்பைக்கு ஒரே வரிதான்: ஒரு ராத்திரி தங்க 40 லிட்டர் கொள்ளளவு போதும். அதைச் சுமக்கப்போகிற முதுகின் அளவைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

நான் புதுச்சேரிக்காரன், இப்போது இந்தியப் பெருங்கடலில் உள்ள ரெயூனியன் தீவில், சேன் துனி நகரில் இருக்கிறேன். போன வருஷம் சிலாவோஸ் ஊர்ப் பக்கமிருந்து பித்தோன் தெ நேஜ் மலை ஏறினோம், உயரம் சுமார் 3070 மீட்டர். இரவு மலைக்குடிலில் தங்கி, இருட்டோடு கிளம்பி உச்சியில் சூரியோதயம் பார்ப்பது இங்கே வழக்கம். "உங்கள் உயரத்துக்கு இதுதான்" என்று கடையில் கொடுத்த பையை மாட்டிக்கொண்டு போனேன். பாதி வழியிலேயே தோள் விட்டுப்போச்சு, குடிலில் டார்ச்சை எடுத்தால் விரல் மரத்துப்போய் சுவிட்சை அமுக்க முடியவில்லை. என்னைவிட ஒரு சாண் குட்டையான என் மனைவியோ அதே எடையைச் சுமந்துகொண்டு வழியெல்லாம் பேசிக்கொண்டே வந்தாள்.

பைகளை மாற்றிப் போட்டுப் பார்த்த பிறகுதான் விஷயம் புரிந்தது. எனக்குக் கால்தான் நீளம், முதுகு இருவருக்கும் ஏறக்குறைய ஒரே அளவு. என் பை முதுகைவிட நீளம் என்பதால் இடுப்பு பெல்ட் இடுப்பெலும்பில் உட்காராமல் கீழே சரிந்து, மொத்தப் பாரமும் தோளில் தொங்கியிருக்கிறது. பெல்ட் சரியாக உட்கார்ந்தால் பாரத்தில் பெரும்பகுதி இடுப்பு வழியாகக் காலுக்கு இறங்கிவிடும், தோள்வார் பை பின்னால் சாயாமல் பிடித்துக்கொண்டால் போதும்.

அளப்பது ஒரு நிமிட வேலை. தலையைக் குனிந்தால் பிடரியில் துருத்துகிற எலும்பிலிருந்து, இடுப்பெலும்பின் மேல்விளிம்புக்கு நேராக முதுகில் வரும் இடம் வரை, தையல்காரர் டேப்பால். ஊரில் புல்லுக்கட்டு சுமக்கும் பெண்கள் சும்மாட்டை அவரவர் தலைக்குத் தாங்களேதான் சுற்றிக்கொள்வார்கள், ஒருவர் சும்மாடு இன்னொருவருக்கு ஒத்துவராது. இவ்வளவு விலை கொடுத்து வாங்கும் பைக்கு அந்த மரியாதைகூட இல்லையா?

பெண்களுக்கான பை என்று ஒரு கடையில் காட்டியது ஆண்கள் பையேதான், நிறம் மட்டும் ஊதா. தோள்வாரின் வளைவும் இடுப்பு பெல்ட்டின் சாய்வும் மாற வேண்டாமா! அப்புறம், காலிப் பையை மாட்டிக் கண்ணாடி முன் நிற்பதில் ஒரு பிரயோசனமும் இல்லை. பத்து கிலோ மணல்மூட்டையை உள்ளே போட்டு, கடைக்குள்ளேயே கால்மணி நேரம் நடக்க விட வேண்டும்.

அடுத்த பட்டியலில் லிட்டருக்குப் பக்கத்தில் முதுகு நீளத்தையும் போடுங்கள். என் பழைய பை பரணில்தான் கிடக்கிறது, 50 சென்டிமீட்டருக்கு மேல் முதுகு உள்ளவர் யாராவது இருந்தால் சும்மாவே தருகிறேன்.

ஒரு வாசகர்,
சேன் துனி