மாடிக்குப் போன பேப்பர் மேசை

மாவட்ட நூலக அலுவலர் அவர்களுக்கு,

வணக்கம். எங்கள் கிளை நூலகத்தில் மாடிக்கு மாற்றிவிட்ட பேப்பர் வாசிக்கும் மேசையை மறுபடியும் கீழே போட்டுக் கொடுங்கள். இரண்டு மனு கொடுத்தாயிற்று, முன்கதை உங்களுக்குத் தெரியும்.

போன செவ்வாய்க்கிழமை நடந்தது தெரிந்திருக்காது. தினம் வருகிற ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், வயது 81, பதினோராவது படியில் உட்கார்ந்துவிட்டார். மேலே இன்னும் ஒன்பது படி. கைப்பிடியோ திருப்பத்தோடு சரி. ஏறவும் முடியவில்லை, இறங்கவும் பயம். பேப்பரை நான் போய் எடுத்து வந்து கொடுத்தேன். படியிலேயே வாசித்து முடித்தார். அப்புறம் சின்னக் குழந்தை மாதிரி ஒவ்வொரு படியாக உட்கார்ந்து உட்கார்ந்து இறங்கினார். கீழே மாணவர்கள் பார்த்துக்கொண்டு நின்றார்கள். மறுநாளிலிருந்து அவர் வரவில்லை.

வீட்டிலேயே பேப்பர் வாங்கலாமே என்று கேட்காதீர்கள். வாங்குகிறேன். ஆனால் காலை எட்டு மணிக்குச் சட்டை மாட்டிக்கொள்ள ஒரு காரணம் வேண்டாமா? மனைவி போய் நான்கு வருஷம். "நடுப்பக்கம் முடிச்சிட்டீங்களா சார்?" என்று அங்கே ஒருவர் கேட்பார். சில நாள் என்னிடம் மனிதக் குரல் பேசுவது அவ்வளவுதான். மாத்திரை போட்டேனா என்பது மறந்துபோகிறது. குறுக்கெழுத்தைப் பேனாவால் நிரப்பிக் கெடுப்பவர் யார் என்பது மறப்பதில்லை.

சரி, கீழே இப்போது என்ன இருக்கிறது? பிரிக்காத புத்தகக் கட்டுகள். அவற்றுக்கும் மூட்டுவலி போலிருக்கிறது. சொத்து வரியோடு ரூபாய்க்குப் பத்துப் பைசா நூலக வரி வாங்கும்போது மட்டும் யாரையும் மாடி ஏறச் சொல்வதில்லை. சீர்காழி தந்த நூலகவியல் அறிஞர் ரங்கநாதன் 1931இல் வெளியிட்ட ஐந்து நூலக விதிகளில் நாலாவது, வாசகரின் நேரத்தை மிச்சப்படுத்து என்பது. ஐயா, எங்களிடம் நேரம் ஏகப்பட்டது கிடக்கிறது, முழங்காலை மிச்சப்படுத்தினால் போதும். அவர் படம் மட்டும் இன்னும் கீழேதான் தொங்குகிறது.

வார்த்தை தடித்திருந்தால் மன்னிக்கவும். கேட்பது ஒரு மேசை, ஆறு நாற்காலி. கட்டுகளைத் தூக்க எங்களால் ஆகாது. பிரித்துப் பட்டியல் எழுதித் தர நாலு பேர் தயாராக இருக்கிறோம். தயவுசெய்து மேசையைக் கீழே இறக்குங்கள். இறக்கிய அன்றே தலைமையாசிரியர் வீட்டுக்குப் போய் நான் சொல்லிவிடுகிறேன்.

இப்படிக்கு,
தினசரி வாசகன், வயது 76