நம் பொதுச் சர்வருக்கு ஒரு டிஸ்க், கொஞ்சம் ராம்: நன்கொடை வேண்டுகோள்

உறுப்பினர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம்.

நாம் எல்லோரும் சேர்ந்து பயன்படுத்தும் சர்வரில் இருந்த இரண்டு ஹார்ட் டிஸ்க்குகளில் ஒன்று போய்விட்டது. இரண்டிலும் ஒரே தகவல் பதிவாகும்படி வைத்திருந்ததால் யாருடைய கோப்பும் அழியவில்லை. ஆனால் மிச்சமிருப்பதும் அதே நாளில் வாங்கிய டிஸ்க்தான். அதற்கும் அதே வயது. கூடவே ராமும் (ஓடுகிற புரோகிராம்கள் தங்கும் தற்காலிக நினைவகம்) போதவில்லை, அதனால் சர்வர் அடிக்கடி மந்தமாகிறது. இரண்டுக்கும் உங்கள் உதவி வேண்டும்.

"இன்டர்நெட் வேகத்தைக் கூட்டினால் சரியாகிவிடாதா?" என்று சிலர் கேட்டார்கள். நியாயமான கேள்வி. லாகின் செய்தபின் என்ன நடக்கிறது என்று பார்த்தால் பதில் கிடைத்துவிடும்.

கோப்புகளைப் பட்டியலிடும் 'எல்எஸ்' கட்டளையை டெர்மினலில், அதாவது கட்டளை தட்டும் எழுத்துத் திரையில், அடிக்கப் போகிறீர்கள். முதலில் 'எல்' தட்டுகிறீர்கள். அதைத் திரையில் போடுவது உங்கள் லேப்டாப் என்றுதானே நினைப்போம்? அதுதான் இல்லை. உங்கள் லேப்டாப்பில் ஓடும் கிளையன்ட், அதாவது சர்வரோடு இணைக்கும் புரோகிராம், அந்த ஒற்றை எழுத்தை வேறு யாரும் படிக்க முடியாதபடி பூட்டி (மறையாக்கி) சர்வருக்கு அனுப்புகிறது. சர்வர் அதை வாங்கிக்கொண்டு, அதே எழுத்தைத் திருப்பி அனுப்புகிறது. அப்புறம்தான் அது உங்கள் கண்ணில் படுகிறது. சூடோவுக்கு (நிர்வாகி உரிமையோடு கட்டளை ஓட்ட உதவுவது) கடவுச்சொல் அடிக்கும்போது திரை வெறுமையாக இருப்பது, சர்வர் அந்த நேரத்துக்கு மட்டும் எதையும் திருப்பி அனுப்பாததால்தான். அடுத்து 'எஸ்', பிறகு என்டர். சர்வரில் உங்களுக்கென்று ஓடும் ஷெல், அதாவது கட்டளைகளை வாங்கி நிறைவேற்றும் புரோகிராம், கட்டளையை எடுத்து, அங்குள்ள டிஸ்க்கைப் படித்து, கோப்புப் பெயர்களை வெறும் எழுத்துகளாக அனுப்பிவைக்கிறது. உங்கள் லேப்டாப் தட்டியதை அனுப்பியது, வந்ததைக் காட்டியது, அவ்வளவே. 1978-இல் வந்த விடி100 என்ற, திரையும் கீபோர்டும் கொண்ட டெர்மினல் கருவியும் இதைத்தான் செய்தது. ஓட்டை உடைசல் லேப்டாப்பில்கூட நம் சர்வரில் வேலை பார்க்க முடிவது இதனால்தான்.

ஆக, கம்பியில் போவது சொற்ப பைட்டுகள். நெருக்கடி சர்வருக்குள்ளே. ஒவ்வொருவரின் ஷெல்லும் எடிட்டரும் (கோப்பை எழுதித் திருத்தும் புரோகிராம்) ஒரே ராமைத்தான் பங்கு போட்டுக்கொள்கின்றன. ஒருவர் பெரிய புரோகிராமை கம்பைல் செய்தால் (எழுதிய நிரலை ஓடக்கூடிய வடிவுக்கு மாற்றினால்), மற்றவர்களின் வேலை ராமிலிருந்து, அதைவிட மிக மெதுவான டிஸ்க்குக்குத் தள்ளப்படும். தட்டிய எழுத்து விநாடிக்கணக்கில் கழித்து வருவது அப்போதுதான். ராம் அடியோடு தீர்ந்துபோனால் சர்வரை இயக்கும் லினக்ஸ் ஏதாவது ஒரு புரோகிராமைக் கொன்றுவிடும். போன மாதம் பலியானது இதை எழுதும் என்னுடைய எடிட்டர். சேமிக்காமல் விட்டது என் தப்பு, சரி. ஆனாலும் வயிறு எரிந்தது.

மென்பொருளுக்கு ஒரு காசும் செலவில்லை. ஹெல்சிங்கி தொழில்நுட்பப் பல்கலைக்கழக நெட்வொர்க்கில் கடவுச்சொற்கள் ஒட்டுக்கேட்கப்பட்ட பிறகு, 1995-இல் அங்கிருந்த டாட்டு யுலோனென் எழுதியது எஸ்எஸ்ஹெச், அதாவது தொலைவிலுள்ள கணினியில் பாதுகாப்பாக லாகின் செய்யும் முறை. நம் சர்வரின் வாசலில் நிற்பது, 1999-இல் வந்த அதன் இலவச வடிவமான ஓப்பன்எஸ்எஸ்ஹெச். எனவே நீங்கள் தரும் பணம் முழுக்க டிஸ்க்குக்கும் ராமுக்கும்தான். மிஞ்சினால் மின்வெட்டில் சர்வரைத் தாங்கும் யூபிஎஸ்ஸின் பேட்டரியை மாற்றுவோம்.

முடிந்ததைக் கொடுங்கள், சிறு தொகையானாலும் சரி. பொருளாளரிடம் கொடுத்து ரசீது வாங்கிக்கொள்ளுங்கள். பணமாகத் தர முடியாதவர்கள் பயன்படுத்தாத டிஸ்க் இருந்தால் தரலாம். ஆனால் ஏற்கெனவே சத்தம் போடுகிற டிஸ்க் வேண்டாம், அப்படி ஒன்று எங்களிடமே இருக்கிறது. வரவு செலவுக் கணக்கை சர்வரிலேயே ஒரு கோப்பாக வைத்திருக்கிறோம். லாகின் செய்கிற யாரும் படிக்கலாம்.

டிஸ்க் மாற்றும் அன்று சர்வர் சில மணி நேரம் நிற்கும். டிமக்ஸில் (இணைப்பு துண்டித்தாலும் வேலையைத் தொடர்ந்து ஓட வைக்கும் புரோகிராம்) திறந்து வைத்திருப்பவை உட்பட ஓடுகிற எல்லாமே நின்றுபோகும், முதல் நாளே சேமித்துவிடுங்கள். திரும்ப வரும்போது, இது நம் சர்வர்தான் என்று உங்கள் லேப்டாப் சரிபார்க்கும் அடையாளச் சாவி மாறியிருக்காது. மாறிவிட்டதாக எச்சரிக்கை வந்தால் அதைத் தாண்டிப் போகாமல் முதலில் எங்களிடம் சொல்லுங்கள்.

சர்வர் பராமரிப்புக் குழு