எனியேயோஸை பிலிமிலேயே அச்சிடுங்கள்: கிரேக்கப் பண்பாட்டு அமைச்சகத்துக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரியீர்,

கிரெகரி மார்க்கோபூலோஸ் 1928-இல் அமெரிக்காவின் டொலிடோவில் கிரேக்கப் பெற்றோருக்குப் பிறந்த திரைப்படக் கலைஞர். 1966-இல் பலரை ஓவியம்போலப் படம்பிடித்த 'கேலக்ஸி'யில் ஆளுக்கு ஒரே ரோல் பிலிம்: சில ஃபிரேம்கள் எடுப்பார், பிலிமைப் பின்னுக்குச் சுற்றி அதன்மேலேயே மறுபடி எடுப்பார். எடிட்டிங் கேமராவுக்குள்ளேயே முடிந்துவிடும். பிறகு ஐரோப்பாவுக்குப் போய், தம் படங்களை விநியோகத்திலிருந்து திரும்பப் பெற்றார். அவற்றை வெட்டி, ஒலியை நீக்கி, வெளிவராதவற்றையும் சேர்த்து, 22 சுற்றுகளாக (பகுதிகளாக)ச் சுமார் 80 மணி நேரம் ஓடும் 'எனியேயோஸ்' ஆக்கினார். அதன் பிரிண்டைப் பார்க்காமலே 1992-இல் காலமானார்.

அவருடைய துணைவரும் திரைப்படக் கலைஞருமான ராபர்ட் பீவர்ஸின் உழைப்பால் 2004 முதல் கிரேக்கத்தின் ஆர்க்காடியாவிலுள்ள லிசாரேயா என்ற ஊரில், மார்க்கோபூலோஸ் விரும்பிய அதே மலைவெளியில், சுற்றுகள் வரிசையாகத் திரையேறுகின்றன. மீதமுள்ளவற்றை 16 மி.மீ. பிலிமில் அச்சிட நிதி ஒதுக்குங்கள் என்பதே எங்கள் கோரிக்கை.

நொடிக்கு 24 ஃபிரேம் என்றால் 80 மணி நேரம் ஏறத்தாழ 1,72,800 அடி. நீளத்தைவிடப் பெரிய சிக்கல், பிலிம் துண்டுகளை இணைத்த ஒட்டுகள். நீண்ட கறுப்புக்கும் வெற்று வெள்ளைக்கும் நடுவே சில இடங்களில் ஒற்றை ஃபிரேம்தான் படம். பிலிம் சிமெண்ட் என்னும் பசையால் போட்ட பழைய ஒட்டு காய்ந்து விளிம்பு தூக்கினால், பிரதி எடுக்கும் பிரிண்டரில் ஒளி படும் கேட்டில் பிலிம் எழும்பி அந்த ஃபிரேம் மங்கும். போனது ஒரு ஃபிரேம் இல்லை, ஒரு முழு ஷாட். வெட்டி மறுபடி ஒட்டினாலும் அதே இழப்புதான். ஆகவே பழைய சிமெண்டை மட்டும் சுரண்டி, முன்பு ஒன்றன்மேல் ஒன்று படிந்திருந்த அதே அளவில் ஒட்ட வேண்டும். வெட்டியே தீர வேண்டுமென்றால் கறுப்பு லீடர் (படமில்லாத பிலிம்) பக்கம் வெட்டி, அதே நீளத்துக்குப் புது லீடர் சேர்க்க வேண்டும். வெள்ளை லீடரில் ஒரு தூசிகூடத் திரையில் தெரியும். இந்தக் கைவேலைக்கான மணிநேரத்தை லேப் கட்டணத்தோடு கலக்காமல் மதிப்பீட்டில் தனியாகவே காட்டுங்கள். கலந்தால் முதலில் வெட்டப்படுவது அதுதான்.

ஸ்கேன் செய்தால் போதாதா என்பார்கள். காப்புப் பிரதிக்கு ஸ்கேன் அவசியம், மறுக்கவில்லை. திரையிடலுக்கு அது ஈடாகாது. டிஜிட்டல் புரொஜெக்டரின் கறுப்பில் சாம்பல் வெளிச்சம் கசியும். மலை இருட்டில் அது திரையின் நான்கு விளிம்பையும் காட்டிக்கொடுக்கும். டிஜிட்டல் கோப்பின் அளவைச் சுருக்கும்போது ஒற்றை ஃபிரேம் அக்கம்பக்கத்தோடு கலங்கும். நொடிக்கு 24 ஃபிரேமை 25 ஆக மாற்றும்போது ஃபிரேம்களைக் கலந்துவிட்டால் மார்க்கோபூலோஸ் எண்ணி வைத்த தாளமே போய்விடும்.

நிதியைச் சுற்றுவாரியாக விடுவியுங்கள். ஒவ்வொரு சுற்றுக்கும் திரையிட ஒன்று, காப்பகத்துக்கு ஒன்று என இரண்டு பிரிண்ட் வேண்டும். முதல் பிரிண்டை பீவர்ஸ் பார்த்து ஒப்புக்கொண்ட பிறகே இரண்டாவது போட வேண்டும்.