உனக்காக எடுத்து வைத்த 24 இரும்பு

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்து இரண்டு வாரம் ஆகிறது. "மறுபடியும் மைன்கிராஃப்ட் விளையாடுகிறாயாமே, முழுக் கவசம் சேர்த்தாயிற்றா?" என்று கேட்டிருந்தாய். கட்டைகளால் ஆன உலகத்தில் தோண்டி, கிடைப்பதை வைத்துக் கவசமும் கருவியும் செய்யும் நம் பழைய கணினி விளையாட்டேதான். சேர்த்து முடித்த பிறகே பதில் எழுதுவது என்று இருந்தேன். நேற்று இரவு கடைசியாகப் பூட்ஸையும் செய்து போட்டுக்கொண்டேன். இதோ எழுத உட்கார்ந்துவிட்டேன்.

உன் மகள் நடக்கத் தொடங்கிவிட்டாள் என்று படித்ததும் மனம் நிறைந்தது. இரவு ஷிஃப்ட் உன் உடம்பை வாட்டுகிறது என்று எழுதியிருந்தாய். அது சீக்கிரம் மாறட்டும். இங்கே எல்லோரும் நலம். வேலை முடிந்து, வீடு அடங்கிய பிறகு கிடைக்கும் ஒரு மணி நேரத்தைத்தான் இந்த விளையாட்டுக்குக் கொடுத்தேன். அதனால்தான் இத்தனை நாள் பிடித்தது.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நமக்குத் தெரிந்தது பாதி இப்போது செல்லாது. 2013இல் நாம் மந்திரம் போல வைத்திருந்தோமே, "வைரம் வேண்டுமா, 11ஆம் மட்டத்துக்கு இறங்கு" என்று. மட்டம் என்பது உயரத்தைக் காட்டும் எண், கீழே போகப் போகக் குறையும். நானும் அதே நினைப்பில் 11க்கு இறங்கி ஒரு மாலை முழுக்கத் தோண்டினேன். கரி கிடைத்தது, இரும்பு கிடைத்தது, வைரம் ஒன்றுகூட இல்லை. அப்புறம்தான் விசாரித்தேன். 2021 நவம்பரில் வந்த 1.18 பதிப்பில் உலகத்தையே ஆழப்படுத்திவிட்டார்கள். முன்பு 0இல் முடிந்த தரை இப்போது மைனஸ் 64 வரை போகிறது. கீழே போகப் போக வைரம் கூடும். மைனஸ் 58, 59 பக்கம் தோண்டினால்தான் கைக்கு ஏதாவது தட்டுப்படும். 0க்குக் கீழே கல்லும் வேறு, டீப்ஸ்லேட் என்ற கறுத்த கல். உடைய நேரம் எடுக்கும். முதல் தடவை அந்தக் கறுப்புக்குள் இறங்கியபோது, நாம் விளையாடிய விளையாட்டுக்கு அடியில் இன்னொரு விளையாட்டு இருந்ததுபோல் இருந்தது.

மாறாத ஒன்றும் இருக்கிறது. இரும்பில் செய்தால் உருக்கிய இரும்புக் கட்டி, வைரத்தில் செய்தால் வைரம்: ஹெல்மெட்டுக்கு 5, மார்புக் கவசத்துக்கு 8, காலுக்கு 7, பூட்ஸுக்கு 4. மொத்தம் 24. பொருட்களைச் செய்யும் கிராஃப்டிங் மேசையின் ஒன்பது கட்டத்தில் எட்டை நிரப்பி, மேல் வரிசை நடுவில் கழுத்துக்கு ஒரு கட்டம் விட்டால் மார்புக் கவசம் வந்து நிற்கும். இத்தனை வருடம் கழித்தும் என் கை அதைத் தானாகச் செய்தது.

நீ எப்போதும் ஹெல்மெட்டில்தான் தொடங்குவாய், ஞாபகம் இருக்கிறதா? தலை முக்கியம் என்பது உன் வாதம். நான் உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்த்தேன். இரும்பு ஹெல்மெட் 5 கட்டியை வாங்கிக்கொண்டு 2 பாதுகாப்புப் புள்ளிதான் தருகிறது. மார்புக் கவசம் 8 கட்டிக்கு 6 புள்ளி. காலுக்கு 7 கட்டிக்கு 5. வைரத்தில் மார்புக் கவசம் இன்னும் நல்ல கணக்கு, 8க்கு 8. கையில் கொஞ்சம்தான் இருக்கிறது என்றால் மார்பில் தொடங்கிக் காலுக்குப் போய், பிறகு பூட்ஸ் செய்து, ஹெல்மெட்டைக் கடைசியில் வைத்துக்கொள்வதுதான் சரி.

தோல் கவசத்தை இந்த முறை முழுசாகச் செய்யவில்லை. ஒரு மாட்டுக்கு 0 முதல் 2 தோல்தான் விழும். 24 தோலுக்கு எத்தனை மாடு என்று பார். அதற்குள் இரும்பே கிடைத்துவிடும். ஆனால் தோல் பூட்ஸை மட்டும் செய்துகொண்டேன், அதற்கு ஒரு காரணம் இருந்தது. இரும்பு இப்போது இரண்டு இடத்தில் செழிக்கிறது. ஒன்று 16ஆம் மட்டத்தை ஒட்டிய குகைகள். இன்னொன்று உயர்ந்த மலைகள், 232ஐ ஒட்டி. நான் கண் விழித்த இடத்துக்குப் பக்கத்திலேயே பனிமலை ஒன்று இருந்ததால் மேலே ஏறினேன். அங்கே பொடிப்பனி என்று புதிதாக ஒன்று வந்திருக்கிறது. பார்த்தால் சாதாரணப் பனி மாதிரியே இருக்கும். கால் வைத்தால் உள்ளே அமிழ்ந்துபோய் உறையத் தொடங்குவோம். தோல் பூட்ஸ் போட்டிருந்தால் அதன்மேல் நடந்து போகலாம். வைரப் பூட்ஸ் போட்டவன் அமிழ்ந்துபோகும் இடத்தில் நாலு தோலில் செய்த பூட்ஸ் காப்பாற்றுகிறது. இந்த மாதிரி விஷயத்துக்காகவே இந்த விளையாட்டு எனக்கு இன்னும் பிடித்திருக்கிறது.

மலை உச்சியில், திறந்த வானத்தின் கீழ், பாறை முகத்திலேயே இரும்புத் தாது தெரியும். இருட்டு இல்லை, டார்ச் இல்லை, பின்னால் வந்து வெடிக்கும் கிரீப்பர் என்ற அரக்கன் சீறுமோ என்ற பயம் இல்லை. நாம் இரும்பு என்றாலே பூமிக்குள் போவது என்று பழகியவர்கள். பகல் வெளிச்சத்தில் இரும்பு வெட்டியது எனக்குப் பெரிய சந்தோஷம். கல்லில் செய்த பிக்காக்ஸ், அதாவது தோண்டும் கோடாலி, போதும். உடைத்தால் பழையபடி தாதுக் கல்லாக விழாமல் கச்சா இரும்பாக விழுகிறது, அதை உலையில் போட்டுக் கட்டியாக்க வேண்டும்.

24ஐயும் கவசத்துக்கே கொடுக்க முடியாது என்பதும் உனக்குத் தெரியும். பிக்காக்ஸுக்கு 3, வாளிக்கு 3, கேடயத்துக்கு 1. ஆக 31 இரும்பு இருந்தால்தான் துணிந்து கீழே இறங்கலாம். செம்புக் கவசமும் 2025இல் வந்துவிட்டது. ஒரு செம்புத் தாதுவை உடைத்தால் 2 முதல் 5 வரை விழுவதால் சீக்கிரம் சேர்ந்துவிடும். தோலைவிட மேல், இரும்பைவிடக் கீழ். இரும்பு கிடைக்காத இடத்தில் பிறந்தவனுக்கு உதவும். எனக்குத் தேவைப்படவில்லை.

இனி வைரக் கதை. இதைத்தான் உன்னிடம் சொல்ல வேண்டும் என்று காத்திருந்தேன்.

மைனஸ் 58இல் இரண்டு கட்டை உயரத்துக்கு நீளமான சுரங்கம் வெட்டி, பக்கவாட்டில் கிளை கிளையாகப் பிரித்தேன். குகைச் சுவரில் வெளியே தெரியும் வைரம் குறைவு. காற்றுப் படாமல் கல்லுக்குள் மூடிக் கிடப்பதுதான் அதிகம், அதனால் தோண்டித்தான் ஆக வேண்டும். ஆறு இரவில் 21 வைரம் சேர்ந்தது. மார்புக் கவசமும் கால் கவசமும் செய்து போட்டுக்கொண்டேன். மீதி 6ஐப் பையில் வைத்துக்கொண்டு, இன்னும் 3 கிடைத்தால் முடிந்தது என்று தொடர்ந்து தோண்டினேன். அந்த ஆழத்தில் குகையாக இருக்க வேண்டிய வெற்றிடமெல்லாம் லாவாவாகத்தான் நிற்கிறது. ஒரு கல்லை உடைத்தேன், லாவா கொட்டியது. தண்ணீர் வாளி பையில் எங்கோ அடியில் கிடந்தது, சட்டென்று எடுக்கத் திரையின் அடியில் இருக்கும் கைப்பட்டையில் இல்லை. தேடுவதற்குள் முடிந்துவிட்டது.

சாதாரணமாகச் செத்தால் பொருட்கள் 5 நிமிடம் தரையில் கிடக்கும், ஓடிப்போய் எடுத்துக்கொள்ளலாம். லாவாவில் விழுந்தது லாவாவுக்கே போய்விடும். கவசம், 6 வைரம், பிக்காக்ஸ், எல்லாம். படுக்கைக்குப் பக்கத்தில் வெறும் கையோடு எழுந்து நின்றபோது நெஞ்சு கனத்தது. நாலு நாள் விளையாட்டையே திறக்கவில்லை.

ஐந்தாம் நாள் திரும்பப் போனேன். இந்த முறை முறையை மாற்றினேன். தண்ணீர் வாளி எப்போதும் கைப்பட்டையின் கடைசிக் கட்டத்தில். சுரங்க வாயிலிலேயே ஒரு பெட்டி, கிடைப்பது ஒவ்வொன்றும் உடனே அதற்குள். இன்னொன்று, வைரத்தைப் பார்த்தவுடன் உடைப்பதில்லை. முதல் இரண்டை மட்டும் எடுத்து, 4 அப்சிடியன் என்ற கருங்கல்லும் ஒரு புத்தகமும் சேர்த்து, கருவிக்கு மந்திர சக்தி ஏற்றும் என்சான்ட்மென்ட் மேசை செய்தேன். சுற்றி 15 புத்தக அலமாரி வைத்தேன். மற்ற வைரக் கற்களை அப்படியே விட்டு, ஒவ்வொன்றின் பக்கத்திலும் ஒரு டார்ச் நட்டேன். இரும்பு பிக்காக்ஸில் ஒரு கல்லுக்கு அதிகம் கொட்டவைக்கும் ஃபார்ச்சூன் 3 என்ற மந்திரம் விழும்வரை பொறுத்திருந்தேன். அது விழுந்துவிட்டால் ஒரு கல்லுக்குச் சராசரி 2.2 வைரம். அதாவது 11 கல்லிலேயே ஒரு முழுக் கவசத்துக்குத் தேவையான 24 வந்துவிடும்.

நாம் அந்தக் காலத்தில் நீலத்தைக் கண்டதும் பாய்ந்து உடைப்போமே! டார்ச் வெளிச்சத்தில் 13 கல் நீலமாக மின்னிக்கொண்டு கிடக்க, தொடாமல் கடந்து போன அந்த ஒன்பது இரவை என்னால் மறக்க முடியாது. கடைசியில் 13 கல்லிலிருந்து 27 வைரம் கிடைத்தது.

இந்த நாட்களில் ஒரு விஷயம் புரிந்தது. தோல் பூட்ஸோடு திரிந்தபோது எனக்குப் பயமே இல்லை. எங்கிருந்தும் குதித்தேன், எந்தக் குகைக்குள்ளும் நுழைந்தேன். இரும்பு போட்ட பிறகு கொஞ்சம் யோசித்தேன். வைரம் போட்ட பிறகு ஒவ்வொரு அடியும் யோசனை. அடி குறைவாகப் படுகிறது, ஆனால் இழக்க அதிகம் இருக்கிறது. அப்போதுதான் நம் பழைய உலகம் ஞாபகத்துக்கு வந்தது. நாம் இருவரும் சேர்த்த ஒரே வைரக் கவசத்தைப் பெட்டிக்குள் வைத்து, பெட்டியைச் சுவருக்குள் புதைத்து, "நல்ல நாளுக்கு" என்று காத்தோம். யார் போடுவது என்றுகூடப் பேசி முடிக்கவில்லை. அப்புறம் அந்தக் கணினியின் ஹார்ட் டிஸ்க் போனது, உலகமும் போனது. அந்தக் கவசத்தை ஒரு நாள்கூட யாரும் போட்டதில்லை. லாவாவில் போன கவசமாவது இரண்டு இரவு என் உடம்பில் இருந்தது.

அதனால் இந்த முறை பெட்டியில் வைக்கவில்லை. போட்டுக்கொண்டேதான் ஆடு மேய்க்கிறேன், கோதுமை அறுக்கிறேன், மழையில் நடக்கிறேன். போனால் போகட்டும், மறுபடி தோண்டத் தெரியும்.

நெதர் என்ற நெருப்பு உலகத்துக்கு இன்னும் போகவில்லை. வைரத்தையும்விட உறுதியான நெதரைட் வேண்டுமென்றால் அங்கே 15ஆம் மட்டத்தை ஒட்டித் தோண்டிப் பண்டைய சிதைவுக் கற்களை எடுக்க வேண்டும். 4 சிதைவுத் துண்டும் 4 தங்கக் கட்டியும் சேர்ந்தால்தான் ஒரு நெதரைட் கட்டி. நாலு கவசத்துக்கு 16 சிதைவு, 16 தங்கம். 2023இல் வந்த 1.20 பதிப்பிலிருந்து அதற்கென ஒரு அச்சும் வேண்டும், அங்குள்ள பிக்லின்கள் என்ற பன்றி மனிதர்களின் கோட்டையில்தான் கிடைக்கும். ஒரு அச்சை இரண்டாக்க 7 வைரம். ஒன்று கிடைத்து அதை நாலாக்கினால் 21 வைரம் போய்விடும். உடம்பில் ஏதாவது ஒரு தங்கக் கவசம் இருந்தால் சாதாரணப் பிக்லின்கள் பார்த்ததும் பாய மாட்டார்கள். ஆனால் அவர்கள் கண்ணெதிரே பெட்டியைத் திறந்தால் விடமாட்டார்கள். ஒருவர் காவல் நிற்க, ஒருவர் பெட்டியைத் திறக்க வேண்டிய வேலை அது. தனியாகவும் செய்யலாம்தான். எனக்கு மனம் வரவில்லை.

என் உலகத்துக்குள் எப்படி வருவது என்பதைத் தனியாக எழுதி அனுப்புகிறேன். உன் மகள் தூங்கிய பிறகு அரை மணி நேரம் போதும். என் படுக்கைக்குப் பக்கத்தில் உனக்கும் ஒன்று போட்டிருக்கிறேன். அதன் காலடியில் இருக்கும் பெட்டியில் மலையிலிருந்து கொண்டுவந்த கச்சா இரும்பு 24 இருக்கிறது, கூடவே 3 கரி. ஒரு கரிக்கு 8 கட்டி உருகும், சரியாகப் போதும். ஒரு கட்டிக்கு 10 வினாடி, மொத்தம் நாலு நிமிடம். இப்போது பிளாஸ்ட் ஃபர்னஸ் என்று ஒன்று இருக்கிறது, பாதி நேரத்தில் உருக்கிவிடும். என்னிடமும் இருக்கிறது. ஆனால் நாம் உலை முன்னால் நின்று கதை பேசிய அந்த நாலு நிமிடம் எனக்கு வேண்டும். அதனால் உன் இரும்பை நான் இன்னும் உருக்கவில்லை.

அன்புடன்,
உன் பழைய சுரங்கத் தோழன்