தவணையை மட்டும் சொல்லாதீர்கள், மொத்தத்தையும் சொல்லுங்கள்

வீட்டுக்கடன் தரும் வங்கிகளையும் நிதி நிறுவனங்களையும் நடத்துபவர்களுக்கு,

வணக்கம்.

உங்களிடம் வீட்டுக்கடன் கேட்டு வருகிறவர் பெரும்பாலும் இரண்டு கேள்விகளோடு வருகிறார். எவ்வளவு கிடைக்கும்? மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்? இரண்டுக்கும் உங்கள் ஊழியர்கள் சில நிமிடங்களில் பதில் சொல்லிவிடுகிறார்கள். கடைசித் தவணையைக் கட்டி முடிக்கும் நாளில் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பேன் என்ற மூன்றாவது கேள்வியை அவர் கேட்பதில்லை. வீடு கிடைக்கப்போகிற பரபரப்பில் அது தோன்றுவதுமில்லை. அவர் கேட்காவிட்டாலும் நீங்களாகவே அதைச் சொல்ல வேண்டும். அதைக் கேட்கத்தான் இந்த மடலை எழுதுகிறேன்.

ஒரு கணக்கைப் போட்டுப் பார்ப்போம். கடன் 10 லட்சம், ஆண்டு வட்டி 9 சதவீதம், காலம் 20 ஆண்டு. எந்த நாட்டுப் பணமாக வேண்டுமானாலும் இருக்கட்டும், கணக்கு மாறாது. மாதத் தவணை 8,997 வரும். வாங்குகிறவர் இந்த எண்ணைத் தன் சம்பளத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கிறார், கட்டிவிடலாம் என்று தோன்றுகிறது, கையெழுத்துப் போடுகிறார். 240 மாதம் கட்டி முடித்த பிறகு அவர் கொடுத்திருப்பது 21 லட்சத்து 59 ஆயிரம். வட்டி மட்டும் 11 லட்சத்து 59 ஆயிரம், அதாவது வாங்கிய கடனைவிட அதிகம். வட்டி 4 சதவீதம் இருக்கும் இடத்தில் இதே கடனுக்கு வட்டி நாலரை லட்சத்தோடு முடிந்துவிடும். வட்டி விகிதம் இரண்டு மடங்குக்குச் சற்று மேல் ஆகும்போது, வட்டித்தொகை இரண்டரை மடங்குக்கும் மேல் போய்விடுகிறது.

இதில் ஒளிவுமறைவு இல்லை, ஒப்பந்தத்தின் பின்னிணைப்பில் தவணை அட்டவணை இருக்கிறது என்று நீங்கள் சொல்லலாம். இருக்கிறது, உண்மைதான். 240 வரிகள், சின்ன எழுத்து, ஐந்தாறு பக்கம். அதைக் கையெழுத்துக்கு முன்பு படித்துப் பார்த்தவர் என்று எனக்குத் தெரிந்து ஒருவர்கூட இல்லை. படித்திருந்தால் முதல் வரியிலேயே நின்றிருப்பார்கள். முதல் மாதம் கட்டும் 8,997இல் 7,500 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 1,497 மட்டும்.

அந்த அட்டவணையில் இன்னும் கொஞ்சம் இறங்கினால், ஐந்து ஆண்டு முடிவில் கட்டியது ஏறக்குறைய 5 லட்சத்து 40 ஆயிரம், குறைந்த அசல் 1 லட்சத்து 13 ஆயிரம். ஐந்து ஆண்டு ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டிய குடும்பம், அவசரத்துக்கு வீட்டை விற்றுக் கடனை அடைக்கலாம் என்று உங்களிடம் வந்து நிலுவையைக் கேட்கிறது. 8 லட்சத்து 87 ஆயிரம் என்ற பதில் வருகிறது. கணினியில் தப்பு, கட்டிய பணம் வரவு வைக்கப்படவில்லை என்றுதான் அவர்கள் முதலில் நினைக்கிறார்கள். தப்பு ஏதும் இல்லை. கணக்கு சரியாகத்தான் ஓடியிருக்கிறது, அது எப்படி ஓடும் என்று அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை, அவ்வளவுதான். தவணையில் வட்டிப் பங்கை அசல் பங்கு தாண்டுவதே பதின்மூன்றாம் ஆண்டில். அசலில் பாதி கழிவது பதினான்காம் ஆண்டின் முடிவில். 20 ஆண்டுக் கடனில் பாதிக் காலம் போனால் பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். அந்த நினைப்பை வைத்துத்தான் பிள்ளைகளின் படிப்பையும் ஓய்வுக்காலத்தையும் திட்டமிடுகிறோம்.

அடுத்தது, காலத்தை நீட்டுவது. தவணை அதிகமாக இருக்கிறது என்று வாடிக்கையாளர் தயங்கினால் உங்கள் ஊழியர் சொல்லும் முதல் தீர்வு இதுதான்: 30 ஆண்டாக ஆக்கிக்கொள்ளலாம், சுமை குறையும். தவணை குறைவது உண்மை. 8,997 என்பது 8,046 ஆகிறது. மாதம் 951 மிச்சம். ஆனால் மொத்த வட்டி 11.59 லட்சத்திலிருந்து ஏறக்குறைய 19 லட்சமாக ஏறுகிறது. பாதி அசல் கழிய 23 ஆண்டு ஆகிவிடும். அதே கடனை 15 ஆண்டில் கட்டினால் தவணை 10,143, வட்டி 8.26 லட்சம். மாதம் 951 குறைத்துக் கொடுத்ததற்கு ஏழு லட்சத்துக்கு மேல் விலை இருக்கிறது என்பதை அந்த இடத்திலேயே, அந்த மேசையிலேயே சொல்லியிருந்தால் பாதிப்பேராவது இன்னொரு முறை யோசித்திருப்பார்கள். மீதிப்பேர் 30 ஆண்டையே தேர்ந்தெடுத்திருக்கலாம். தவறில்லை, அவர்கள் நிலைமை அப்படி. தெரிந்து தேர்ந்தெடுப்பது வேறு, தெரியாமல் தலையாட்டுவது வேறு.

மொத்தத் தொகையைக் காட்டினால் மக்கள் மிரண்டுவிடுவார்கள், அது சரியான படத்தையும் தராது என்று உங்களில் சிலர் வாதிடுவதைக் கேட்டிருக்கிறேன். அந்த வாதத்தின் இரண்டாம் பாதியில் நியாயம் உண்டு. இருபது ஆண்டு கழித்துக் கட்டும் 8,997, இன்றைய 8,997 ஆகாது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறும் என்று வைத்தால், அந்தக் கடைசித் தவணையின் இன்றைய மதிப்பு 3,400 அளவில்தான் இருக்கும். மொத்தம் கட்டும் 21.59 லட்சத்தையும் அப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் 14 லட்சத்துக்குச் சற்றுக் குறைவாக வரும். சம்பளமும் ஏறினால் பின்னாளில் தவணை லேசாகும். இதையெல்லாம் நான் மறுக்கவில்லை. அதையும் சேர்த்தே சொல்லுங்கள் என்கிறேன். ஆனால் விலைவாசிக் கழிவு ஒரு கணிப்பு. வேலை போகலாம், சம்பளம் நின்றுபோகலாம். ஒப்பந்தத்தில் இருக்கும் எண்ணோ கணிப்பு அல்ல, கட்டியே ஆக வேண்டியது. மிரண்டுவிடுவார்கள் என்ற முதல் பாதியை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. உண்மையைக் கேட்டு மிரளும் அளவுக்கு ஒரு கடன் இருந்தால், மிரள வேண்டிய நேரம் கையெழுத்துக்கு முன்புதான்.

என்னை அதிகம் உறுத்துவது மாறும் வட்டி. வட்டி விகிதம் ஏறும்போது தவணையை அப்படியே வைத்துக் காலத்தை நீட்டிவிடுவது பல இடங்களில் வழக்கம். வாடிக்கையாளரின் கணக்கிலிருந்து மாதாமாதம் அதே தொகைதான் போகிறது. எதுவும் மாறியதாக அவருக்குத் தெரியாது. மேலே சொன்ன கடனில் ஆரம்பத்திலேயே வட்டி 9இலிருந்து 10 சதவீதம் ஆனால், அதே 8,997ஐக் கட்டி முடிக்க 240க்குப் பதிலாக 314 மாதம் ஆகும். ஆறு ஆண்டுக்கு மேல் கூடுதல், பணமாக ஏறக்குறைய 6.7 லட்சம் கூடுதல். ஒரே ஒரு சதவீதத்துக்கு இது. வட்டி 10.8 சதவீதத்தைத் தொட்டால் மாத வட்டியே 9,000 ஆகிவிடும். தவணை வட்டிக்கே போதாது. மாதந்தவறாமல் கட்டக் கட்டக் கடன் வளரும்.

கற்பனைக் கணக்கு என்று இதை ஒதுக்க முடியாது. கனடாவின் மத்திய வங்கி தன் வட்டியை 2022 மார்ச் தொடக்கத்தில் இருந்த 0.25 சதவீதத்திலிருந்து 2023 ஜூலைக்குள் 5 சதவீதத்துக்கு ஏற்றியது. அங்கே தவணை மாறாத, வட்டி மட்டும் மாறும் கடன் வாங்கியிருந்த பலருடைய தவணை வட்டிக்கே போதாமல் போய், கடன் நிலுவை ஏறியது. இந்தியாவில் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்காகவே ஒரு சுற்றறிக்கை கொடுத்தது: வட்டி மாறினால் தவணைக்கும் காலத்துக்கும் என்ன ஆகும் என்பதைக் கடனாளிக்குத் தெரிவிக்க வேண்டும், தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமா என்று அவர் தேர்ந்தெடுக்க வழி தர வேண்டும், காலத்தை நீட்டுவதால் கடன் வளரும் நிலை வரக் கூடாது. நல்ல விதி. விதி வரும்வரை காத்திருக்கத் தேவையில்லாத விஷயமும்கூட. கடனாளியைக் கேட்டுவிட்டு நீட்டுவதற்கு எந்த நாட்டுச் சட்டமும் உங்களைத் தடுக்கவில்லை.

மொத்தத்தைக் காட்டச் சொல்வது நடைமுறைக்கு ஒத்துவராத ஆசையும் அல்ல. அமெரிக்காவில் கடன் விவரங்களைத் திறந்து சொல்ல வேண்டும் என்ற சட்டம் 1968இலேயே வந்துவிட்டது. 2015 முதல் அங்கே வீட்டுக்கடன் வாங்குகிறவருக்குத் தரும் படிவத்தில், கடன் தொகையில் எத்தனை சதவீதம் வட்டியாகக் கட்டப்போகிறார் என்பதைத் தனி வரியில் காட்ட வேண்டும். நம் கணக்கில் அந்த வரி 115.9 சதவீதம் என்று நிற்கும். ஐரோப்பிய ஒன்றியம் 2014இல் கொண்டுவந்த வழிகாட்டு விதியின்படி எல்லா நிறுவனங்களும் ஒரே வடிவத் தகவல் தாளைத் தர வேண்டும். இரண்டு வங்கிகளின் தாளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிடலாம். இப்படிப்பட்ட தாள்கள் வந்த பிறகும் அந்த ஊர்களில் வீட்டுக்கடன் வியாபாரம் நின்றுபோய்விடவில்லை.

அப்புறம், இந்தத் தாள்களிலும் எளிதில் கண்ணில் படாத சில செலவுகள் இருக்கின்றன. பரிசீலனைக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், வழக்கறிஞர் கட்டணம் எல்லாம் ஒருமுறை கொடுத்துத் தீர்ப்பவை, பெரிய மர்மம் இல்லை. ஆனால் காப்பீட்டு பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிடுவது அப்படியல்ல. 30,000 பிரீமியத்தை, இப்போது கையிலிருந்து கட்ட வேண்டாம், கடனிலேயே போட்டுக்கொள்ளலாம் என்று சொல்கிறார்கள். 9 சதவீதத்தில் 20 ஆண்டு கட்டும்போது அது ஏறக்குறைய 65,000 ஆகிறது. காப்பீடு நல்லதுதான், கடன் வாங்கியவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் குடும்பத்துக்கு வீடு மிஞ்சும். அதன் விலை 30,000 என்று சொல்லிவிட்டு 65,000 வாங்குவதைத்தான் கேள்வி கேட்கிறேன்.

முன்கூட்டியே கட்டுவதைப் பற்றியும் நீங்கள் வாய் திறப்பதில்லை. உங்கள் வருமானம் குறையும் விஷயம் என்பது புரிகிறது. இருந்தாலும் கடனாளிக்கு இதைவிட உதவும் தகவல் வேறு இல்லை. இதே கடனில் முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டி, தவணையை மாற்றாமல் தொடர்ந்தால் 50 தவணைகள் குறைகின்றன. கட்டிய ஒரு லட்சம் போக, மிச்சமாகும் வட்டி மூன்றரை லட்சம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் 48 ஆயிரம்கூட வராது. பெரிய தொகை கையில் இல்லாதவர் முதல் மாதத்திலிருந்து 1,000 சேர்த்துக் கட்டிவந்தால் கடன் 186 மாதத்தில் முடிகிறது. மூன்று லட்சம் மிச்சம். எப்போது கட்டுகிறோம் என்பது எவ்வளவு கட்டுகிறோம் என்பதற்குச் சமமாக முக்கியம் என்று தெரியாமல், ஆரம்ப ஆண்டுகளில் வந்த போனஸை எல்லாம் வேறு செலவில் கரைத்துவிட்டுக் கடைசி ஆண்டுகளில் அவசர அவசரமாக அடைப்பவர்கள் நிறைய. கூடுதலாகக் கட்டும்போது தவணை குறைய வேண்டுமா, காலம் குறைய வேண்டுமா என்று கேட்காமல், நீங்களாகத் தவணையைக் குறைத்துவிடும் இடங்களும் உண்டு. அப்படிச் செய்தால் மிச்சமாக வேண்டிய வட்டியில் பெரும்பகுதி மறுபடி உங்களிடமே வந்துவிடும். இதை வாடிக்கையாளரிடம் சொல்லாமல் செய்வது நியாயமில்லை.

நான் கேட்பது இதுதான். கடன் அனுமதிக் கடிதத்தின் முதல் பக்கத்தில், மாதத் தவணையை எந்த அளவு எழுத்தில் போடுகிறீர்களோ அதே அளவில், கட்டி முடிக்கும் மொத்தத் தொகையையும் போடுங்கள். அதற்குக் கீழே, 5, 10, 15 ஆண்டு முடிவில் நிலுவை எவ்வளவு இருக்கும் என்று மூன்றே எண்கள். 15, 20, 30 ஆண்டுகளுக்கான தவணையும் மொத்தமும் பக்கத்தில் பக்கத்தில். மாறும் வட்டியாக இருந்தால், 1 சதவீதமும் 2 சதவீதமும் ஏறினால் என்ன ஆகும் என்று இரண்டு வரி. எல்லாம் ஒரே பக்கத்தில் அடங்கும். உங்கள் கணினி இந்த எண்களை எல்லாம் ஏற்கெனவே வைத்திருக்கிறது. புதிதாகக் கணக்குப் போட வேண்டியதுகூட இல்லை.

அந்தப் பக்கத்தைக் கையெழுத்துக்கு ஒரு வாரம் முன்பாவது கொடுத்து, வீட்டுக்கு எடுத்துப்போய்ப் படித்துவிட்டு வரச் சொல்லுங்கள். கடன் வாங்குகிறவர் பேசும் மொழியில் கொடுங்கள். வட்டி மாறிக் காலம் நீளும் ஒவ்வொரு முறையும் புதிய எண்களோடு அதே பக்கத்தை மறுபடி அனுப்பி, அவருடைய பதில் வந்த பிறகு மாற்றுங்கள். இதில் எதைச் செய்ய முடியாது, ஏன் முடியாது என்று உங்களில் யாராவது சொன்னால் அதையும் கேட்கத் தயாராக இருக்கிறேன்.

இப்படிக்கு,
வீட்டுக்கடன் வாங்கியவர்களில் ஒருவர்