ஒடியா வீட்டுச் சுவரில் காலண்டர்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

கைப்பேசி வந்த பிறகு அச்சுக் காலண்டருக்கு வீட்டில் வேலையில்லை என்று தங்கள் நாளிதழில் வந்த கட்டுரை கூறியிருந்தது. பணி நிமித்தமாக ஒடிசாவின் கட்டாக் நகரில் பல ஆண்டுகள் குடியிருந்தவன் என்ற முறையில், ஒடியா வீடுகளைப் பொறுத்தவரை இதை என்னால் ஏற்க இயலவில்லை.

அந்நகரில் அச்சாகும் கோஹினூர் போன்ற காலண்டர்களில் ஆங்கிலத் தேதியோடு ஒடியா மாதத் தேதி, திதி, நட்சத்திரம், விரத நாள் ஆகியவையும் இடம்பெறும். வளர்பிறைத் தசமி வியாழக்கிழமையில் அமைந்தால் பெண்கள் லட்சுமியை வேண்டி ‘சுதசா பிரத’ நோன்பு இருப்பார்கள். அது எந்த மாதத்தில் வாய்க்கும் என்பது ஆண்டுக்கு ஆண்டு மாறும். ஆகவே புதுக் காலண்டர் வந்த அன்றே எங்கள் பக்கத்து வீட்டு அம்மையார் மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, தாள்களை ஒவ்வொன்றாகப் புரட்டி, வியாழக்கிழமைகளை மட்டும் விரலால் தொட்டுக்கொண்டே போய், தசமி விழுந்த கட்டங்களில் குங்குமப் பொட்டு வைப்பார். அதே தாள்களில்தான் பால் வராத நாளுக்குப் பெருக்கல் குறியும், எரிவாயு சிலிண்டர் மாற்றிய தேதியும் ஏறும்.

மார்கசிர மாத வியாழக்கிழமைகளில் புது நெல் நிரப்பிய படியை லட்சுமியாக வைத்து வழிபடும் ‘மாணபசா’ வரும். அதற்குப் புதன்கிழமையே வீட்டைத் துப்புரவாக்கிவிட வேண்டும். ஒடியா நாட்காட்டியின் கார்த்திகை மாதக் கடைசி ஐந்து நாளான ‘பஞ்சுக’வில் கொக்குகூட மீனைத் தொடாது என்பது அங்குள்ள பேச்சு. மீனில்லாமல் சோறு இறங்காத வீட்டிலும் அதற்கு முன் கடைசியாக மீன் வாங்கும் நாளைக் காலண்டரைப் பார்த்தே முடிவு செய்வார்கள்.

ஒரு திருத்தமும் உண்டு. நம் சித்திரைப் பிறப்பும் ஒடியாவினரின் புத்தாண்டான பணா சங்கராந்தியும் எப்போதும் ஒரே நாள் என்று கட்டுரையில் இருந்தது. பெரும்பாலும் அப்படித்தான். ஆனால் சூரியன் மேஷத்தில் நுழைவது அஸ்தமனத்துக்குப் பின் நிகழ்ந்தால் தமிழ் வழக்கில் மறுநாளே மாதம் பிறக்கும். ஒடியா வழக்கில் அன்றைக்கே பிறந்துவிடும்.

மூங்கிலால் செய்த கருவிகளைக் கொண்டே வானை அளந்து, பழைய பஞ்சாங்கக் கணக்கைத் திருத்திய கண்டபடா ஊர் சாமந்த சந்திரசேகரைப் (1835–1904) பற்றி நம்மில் பலர் அறியார். புரி ஜகந்நாதர் கோயில் வழிபாட்டு நாட்களுக்கும் அவர் கணக்கே கைகொடுத்தது. அவரைப் பற்றித் தங்கள் நாளிதழ் விரிவாக ஒரு கட்டுரை வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
கட்டாக்கில் வாழ்ந்த ஒரு வாசகன்