மைதானத்து மரங்களை வெட்ட வேண்டாம்: குடியிருப்போர் சங்கத்துக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள சங்க நிர்வாகிகளுக்கு,

வணக்கம். மைதானத்தின் ஓரத்து மரங்களில் சிவப்புச் சாயத்தால் எண் போட்டிருக்கிறீர்கள். செயற்கைப் புல் விரித்து, சுற்றிலும் வலை கட்டி, விளக்குக் கம்பங்கள் நடப்போவதாக அறிவிப்புப் பலகையில் படித்தேன். பிள்ளைகள் நன்றாக விளையாட வேண்டும் என்ற உங்கள் அக்கறையில் எனக்குச் சந்தேகமே இல்லை. அதற்கு மரங்களைப் பலி கொடுக்க வேண்டாம் என்று கேட்கத்தான் இந்த மடல்.

மரங்கள் ஆட்டத்துக்கு இடைஞ்சல் என்கிறீர்கள். ஒரு சாயங்காலம் வந்து நின்று பாருங்கள். கிளையில் பட்டு விழும் பந்தை ஒற்றைக் கையால் பிடித்தால் அவுட். அடிமரத்தில் பட்டால் இரண்டு ரன். பந்து கவட்டையில் சிக்கிக்கொண்டால் யார் ஏறி எடுப்பது என்பதற்கும் பிள்ளைகளிடம் சட்டம் இருக்கிறது. பெரியவர்களும் இப்படி ஆடியவர்கள்தான். இங்கிலாந்தில் கென்ட் அணியின் கேன்டர்பரி மைதானத்தில், எல்லைக்கோட்டுக்கு உள்ளேயே ஒரு லிண்டன் மரம் நின்றது. பந்து அதில் பட்டால் நான்கு ரன் என்று விதி செய்துகொண்டு முதல்தர ஆட்டங்களையே ஆடினார்கள். 2005-இல் காற்றில் அது முறிந்து விழுந்தபோது, நல்லதாகப் போயிற்று என்று விடவில்லை. வேறொரு இளமரத்தை நட்டார்கள்.

அதே மரங்களில் இரண்டுக்கு நடுவேதான் வெள்ளைத் துணி கட்டிப் படம் போடுகிறோம். காற்றடித்தால் திரையில் கதாநாயகியின் முகம் நெளியும். ஆனாலும் ஒருவரும் எழுந்து போவதில்லை. வீட்டுக்கு வீடு டிவி இருந்தும், பக்கத்து வீட்டுக்காரர் சிரிக்கும் சத்தத்தை நான் கேட்டது அங்கேதான். 1895-இல், சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் திரையில் காட்டிய படங்களில் ஒன்று, குழந்தைக்கு உணவூட்டும் சிறு காட்சி. குழந்தையைவிட, பின்னால் அசைந்த இலைகளைக் கண்டுதான் பலர் வியந்தார்களாம். நாடக மேடையில் தீட்டிய மரத்தின் இலை அசையாதே!

எண் போட்டவை மட்டும்தானே போகும் என்று சமாதானம் சொல்லாதீர்கள். மரத்தின் வேர்களில் பெரும்பகுதி மேல்மண்ணில்தான் பரவியிருக்கும்; கிளை விரிப்பையும் தாண்டிப் போகும். செயற்கைப் புல் விரிக்க அங்கே ஜல்லி கொட்டி இயந்திரத்தால் இறுக்கினால் வேருக்குக் காற்றும் நீரும் போகாது. விட்டுவைத்த மரங்களும் சில ஆண்டுகளில் பட்டுப்போகும். செயற்கைப் புல்லோ வெயிலில் 60 டிகிரி செல்சியஸையும் தாண்டிச் சுடும். நிழலையும் எடுத்துவிட்டு அதன்மேல் பிள்ளைகளை எப்படி ஓடவிடுவது?

மண் தரையைச் சமன் செய்து புல் வளர்ப்போம். விளக்கு வேண்டுமென்றால் மரமில்லாத பக்கம் கம்பம் நடலாம். தண்ணீர் ஊற்றும் முறையில் என் பெயரை இப்போதே எழுதிக்கொள்ளுங்கள். ஒப்பந்தக்காரரை அழைக்கும் முன் மரங்களை அறிந்த ஒருவரை வரவழைத்துக் காட்டுங்கள், பொதுக்குழுவைக் கூட்டுங்கள். அந்தக் கூட்டத்தில் மைதானத்தில் ஆடும் பிள்ளைகளையும் பேசவிடுங்கள்.

இப்படிக்கு,
மைதானத்தை ஒட்டிய தெருவில் வசிக்கும் உறுப்பினர்